கடனைச் செய்தவர், கடனைத் தீர்ப்பவர்: மதுரை வங்கிகளின் இணைப்பும் வினைக்கொள்கையும்

வங்கி ஒன்று இன்னொரு வங்கியோடு இணைக்கப்படும்போது அழிவது எது, தொடர்வது எது என்ற கேள்வி பொருளியலாருக்கே உரியதாகத் தோன்றினாலும், அதன் வேர் தத்துவத்தில் இருக்கிறது. உரு மாறிய பின்னும் ஒரு பொருள் அதே பொருள்தானா, ஒருவர் செய்த வினையின் பயனை இன்னொருவர் நுகர்வது முறையா, செய்தவர் மறைந்த பின் கடன் யாரைச் சாரும் என்று சமணரும் பௌத்தரும் சைவரும் தமிழ்நாட்டில் நூற்றாண்டுக் கணக்கில் வாதிட்டவை எல்லாம், நிறுவனம் என்னும் உடலில்லாத ஆளைப் பற்றிய இன்றைய சட்டத்துக்குள் வேறு பெயர்களோடு மீண்டும் நுழைந்திருக்கின்றன. மதுரையில் பிறந்து மதுரைக்கு வெளியே கலந்துபோன வங்கிகளின் வரலாறு இந்தப் பழைய வாதங்களைச் சோதித்துப் பார்க்க நல்ல களம்.

பேங்க் ஆஃப் மதுராவை 1943இல் நிறுவியவர் கருமுத்து தியாகராசன் செட்டியார். நூற்பாலைகளாலும் கல்லூரிகளாலும் மதுரை நன்கறிந்தவர். 1946 டிசம்பரில் அதே நகரில் எஸ்.என்.கே. சுந்தரம் பாண்டியன் வங்கியைத் தொடங்கினார். கேரளத்தின் பாலாய் சென்ட்ரல் வங்கி 1960இல் முறிந்து, வைப்பாளர்களிடையே, அதாவது வங்கியில் பணம் போட்டு வைத்திருந்தவர்களிடையே, நாடெங்கும் அச்சம் பரவியதும், நலிந்த சிறு வங்கிகளைப் பெரியவற்றோடு சேர்த்துவிடும் வழிகள் சட்டத்தில் வலுப்படுத்தப்பட்டன. அந்தக் காலத்து இணைப்பு அலையில் பாண்டியன் வங்கி 1963இல் கனரா வங்கிக்குள் சென்றது. அதே பத்தாண்டில் பேங்க் ஆஃப் மதுராவோ, 1904இல் தொடங்கப்பட்ட இலஞ்சி வங்கியையும் 1933இல் தொடங்கப்பட்ட செட்டிநாடு மெர்க்கன்டைல் வங்கியையும் தன்னுள் சேர்த்துக்கொண்டது. விழுங்கியவரும் ஒருநாள் விழுங்கப்பட்டார். 2000 டிசம்பரில் முடிவாகி 2001 மார்ச் 10இல் நடைமுறைக்கு வந்த திட்டத்தின்படி, ஏறத்தாழ 260 கிளைகளும் 57 ஆண்டு வயதும் கொண்ட மதுரை வங்கி, 1994இல் தோன்றிய ஐ.சி.ஐ.சி.ஐ. வங்கியோடு இணைந்தது, மதுரை வங்கியின் ஒரு பங்குக்கு ஐ.சி.ஐ.சி.ஐ. வங்கியின் இரண்டு பங்குகள் தரப்பட்டன. அடுத்த ஆண்டே, 1955இல் தொடங்கப்பட்ட தாய் நிறுவனமான ஐ.சி.ஐ.சி.ஐ., தான் பெற்ற வங்கிக்குள்ளேயே கலந்து மறைந்தது. நிறுவனங்களுக்கு உறவுமுறை சொல்லப் புகுந்தால் இப்படித்தான் ஓரிடத்தில் முட்டிக்கொள்ள நேரும்.

சட்டத்தின் கண்ணில் வங்கி ஒரு சட்டநிலை ஆள். உடலும் உயிரும் இல்லாவிட்டாலும் சொத்து வைத்துக்கொள்ளவும் கடன்படவும் வழக்காடவும் தகுதி பெற்றது என்பது அந்தச் சொல்லுக்குப் பொருள். இந்தக் கருத்து மேலைநாட்டுக் கம்பெனிச் சட்டத்தோடு வந்திறங்கிய புதுமை என்று எண்ணுவது பாதி உண்மைதான். கோயிலில் உறையும் தெய்வம் நிலத்துக்கும் நகைக்கும் உரிமையுடைய ஆள் என்பதை இந்திய மரபு நெடுங்காலமாக ஏற்று வந்திருக்கிறது. 1925இல் கல்கத்தாக் குடும்பம் ஒன்றின் வழக்கில் பிரிவி கவுன்சில் அதையே சட்டமொழியில் உறுதிசெய்தது. 1991இல் லண்டன் மேல்முறையீட்டு நீதிமன்றம் பத்தூர் நடராசர் சிலை வழக்கில், இடிந்து கிடந்த கோயிலுக்கும் தன் சிலையைக் கேட்டு வழக்காடும் தகுதி உண்டு என்றது. ஆயினும் இரண்டு ஆட்களுக்கும் நடுவே ஒரு வேறுபாடு உண்டு. தெய்வம் என்றும் வயது வராத மைனராகக் கருதப்படுவதால், அதன் பெயரில் செயல்படுவோர் ஒவ்வொருவரும் காப்பாளராக, கணக்குச் சொல்லக் கடமைப்பட்டவராக நிற்கிறார்கள். கம்பெனி என்னும் ஆளோ முழு வயதோடு பிறந்து, தன்னை இயக்குபவரைத் தன் பின்னால் மறைத்துக்கொள்கிறது. அந்தத் திரையை விலக்கிப் பார்க்கலாம் என்று உச்ச நீதிமன்றம் 1966இல் தீர்ப்பளித்த வரிவழக்கு மதுரையிலிருந்தே சென்றது என்பது கருதத்தக்கது. மீனாட்சி மில்ஸ் முதலிய ஆலைகள் அன்றைய புதுக்கோட்டை சமஸ்தானத்தில் பேங்க் ஆஃப் மதுராவின் கிளையில் வைப்பு வைத்து, அதன் ஈட்டின்மேல் மதுரையில் கடன் பெற்றது, சமஸ்தானத்து வருமானத்தைப் பிரிட்டிஷ் இந்தியாவுக்குள் கொண்டுவந்ததாகுமா என்பது வழக்கு. ஆலைகளிலும் வங்கியிலும் ஒரே கைக்கு இருந்த கட்டுப்பாட்டைக் கணக்கில் கொண்ட நீதிமன்றம், ஆகும் என்றது. நிறுவனங்கள் தனித்தனி ஆட்கள் என்ற கொள்கைக்கு எல்லை உண்டு என்பதற்கு இந்திய வழக்கறிஞர்கள் இன்றும் காட்டும் தீர்ப்புகளில் இது ஒன்று.

மதுரையைச் சூழ்ந்த குன்றுகளில், தனி ஆட்களின் வெறும் தொகையாக நில்லாத கூட்டு ஆளுக்கு இதனினும் பழைய சான்று இருக்கிறது. மாங்குளத்துக் குகையில் கி.மு. 2ஆம் நூற்றாண்டைச் சேர்ந்ததாகக் கருதப்படும் தமிழ்ப் பிராமிக் கல்வெட்டு ஒன்று, வெள்ளறை ஊரின் நிகமத்தார், அதாவது வணிகக் குழுவினர், சமணத் துறவியர்க்குச் செய்த கொடையைக் குறிக்கிறது. கொடுத்தவர் தனி வணிகர் அல்லர், குழு. உறுப்பினர் மாறினாலும் குழு தொடரும் என்ற நம்பிக்கை இல்லாமல் அப்படி ஒரு பெயரைக் கல்லில் வெட்ட முடியாது. அந்தக் கொடையைப் பெற்ற சமணர் மரபுதான் மாற்றத்தையும் நிலைபேற்றையும் ஒருசேர விளக்கும் கோட்பாட்டை வளர்த்தது. எந்தப் பொருளும் ஒரே நேரத்தில் தோன்றுகிறது, அழிகிறது, நிலைக்கிறது. திரவியம் எனப்படும் மூலப்பொருள் நிலைக்க, பரியாயம் எனப்படும் அதன் நிலைகள் தோன்றி மறைகின்றன என்பது அவர்கள் கொள்கை. தென்னாட்டோடு தொடர்புபடுத்திப் பேசப்படும் சமந்தபத்திரர் தம் ஆப்தமீமாம்சையில் இதற்குக் காட்டும் எடுத்துக்காட்டு புகழ்பெற்றது: பொற்குடத்தை உருக்கி முடி செய்தால், குடத்தை விரும்பியவர் வருந்துகிறார், முடியை விரும்பியவர் மகிழ்கிறார், பொன்னையே விரும்பியவருக்கு வருத்தமும் இல்லை, மகிழ்ச்சியும் இல்லை.

வங்கி இணைப்பில் இந்த மூவரையும் எளிதாக அடையாளம் காணலாம். தன் ஊரின் பெயரைத் தாங்கிய பலகை கழற்றப்படுவதைக் கண்ட மதுரைக்காரர் குடத்தை விரும்பியவர். ஒன்றுக்கு இரண்டாகப் பங்கு பெற்றவர் முடியை விரும்பியவர். வைப்பாளர் பொன்னை விரும்பியவர். பொன்னின் நிலைபேற்றை இன்னும் அருகில் சென்று காண வேண்டுமானால் நகைக்கடன் பிரிவைப் பார்க்கலாம். உழவரோ சிறு வணிகரோ கொண்டுவரும் சங்கிலியை மதிப்பீட்டாளர் உரைகல்லில் தேய்த்து, அமிலம் விட்டுப் பார்த்து, எடைபோட்டு, சிறு பையில் இட்டு முடிந்து, கணக்கு எண் எழுதிய அட்டையைக் கட்டி, முத்திரையிட்டுப் பெட்டக அறைக்கு அனுப்புகிறார். இணைப்பு நடைமுறைக்கு வரும் இரவில் அந்தப் பை ஓர் அங்குலமும் நகர்வதில்லை, முடிச்சு அவிழ்வதில்லை. ஆனால் அந்த நகையை ஈடாகப் பிடித்திருக்கும் ஆள் விடியும்போது வேறு ஆள். கடன் வாங்கியவர் கையெழுத்திட்டது ஒருவருக்கு, பொறுப்பாவது இன்னொருவருக்கு. இதற்கு அவருடைய சம்மதம் கேட்கப்படுவதில்லை, ஏனெனில் இணைப்புத் திட்டம் சட்டத்தின் ஆற்றலாலேயே எல்லா உரிமைகளையும் பொறுப்புகளையும் ஒரே வீச்சில் மாற்றிவிடுகிறது.

சமந்தபத்திரரின் எடுத்துக்காட்டில் ஒருவர் விடுபட்டிருக்கிறார். குடத்தை உருக்கச் சொன்னவர் யார், ஏன் சொன்னார் என்ற கேள்வி அங்கே எழுவதில்லை. மாற்றத்தை விளக்குவதற்கு அது தேவையில்லாமல் இருக்கலாம். மாற்றத்துக்குப் பொறுப்பேற்பவரைத் தேடும்போது அந்த இடைவெளி பெரிதாகத் தெரிகிறது.

இடைக்காலப் பாண்டிய நாடு இதே சிக்கலுக்கு வேறொரு விடை கண்டிருந்தது. 9ஆம் நூற்றாண்டில் வரகுண மகாராசன் திருச்செந்தூர்க் கோயிலுக்கு 1,400 காசு அளித்து, அதைக் கோயிலில் பூட்டி வைக்காமல், கொற்கை உள்ளிட்ட பல ஊர்களின் சபையாரிடமும் ஊராரிடமும் பகிர்ந்து ஒப்படைத்தான். காசு ஒன்றுக்கு ஆண்டுக்கு 2 கலம் நெல் பொலிசையாக, அதாவது வட்டியாக, அவர்கள் கோயிலுக்கு அளந்தாக வேண்டும். முதல் மட்டும் என்றும் கெடாமல் நிற்க வேண்டும். நுந்தா விளக்குக்காக, அதாவது அணையாமல் எரியும் விளக்குக்காக, விடப்பட்ட ஆடுகளுக்கும் இதே ஏற்பாடு. சோழநாட்டில் பொதுவாக 90 அல்லது 96 ஆடுகள் ஒரு விளக்குக்கு என விடப்பட, அவற்றைப் பெற்றுக்கொண்ட இடையர் நாள்தோறும் ஓர் உழக்கு நெய் அளக்க ஒப்புக்கொண்டார். ஆடுகள் சாகும், மூப்படையும், ஈனும் என்பது யாவரும் அறிந்ததே. ஆனால் கணக்கில் அவை சாவா மூவாப் பேராடுகள். தனித்தனி ஆடு மறைந்தாலும் மந்தையின் தொகை குறையக் கூடாது என்னும் இந்த ஏற்பாடு, உறுப்பினர் மாறினும் கம்பெனி மாறாது என்ற பிற்காலக் கொள்கைக்கு எந்த வகையிலும் குறைந்ததன்று. நிலைபேற்றை அவர்கள் எங்கே வைத்தார்கள் என்பதில்தான் நுட்பம் இருக்கிறது. பணத்தை வாங்கிய சபை நிலைத்து நிற்கும் என்று அவர்கள் முழுமையாக நம்பியிருந்தால் பல ஊர்களுக்குப் பிரித்துக் கொடுத்திருக்க மாட்டார்கள். நிலையானவர் தெய்வம், மற்றவர் எல்லாரும் கைமாற்றிக்கொண்டு செல்பவர்கள்.

இந்த ஏற்பாட்டில் பொருள் யாருடையது என்பதில் ஐயம் இல்லை: காசு தெய்வத்துடையது, சபை அதன் பொறுப்பாளர். வங்கி வைப்பு அப்படிப்பட்டதன்று. வங்கியில் இட்ட பணம் இட்ட நொடியிலேயே வங்கியின் சொந்தப் பணமாகிவிடுகிறது என்றும், வைப்பாளர் வெறும் கடன் கொடுத்தவர் என்றும் இங்கிலாந்தில் 1848இல் ஃபோலி எதிர் ஹில் வழக்கில் முடிவானது. இந்திய வங்கிகளும் அந்த அடிப்படையில்தான் இயங்குகின்றன. அதனால் 1949ஆம் ஆண்டு வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தின் 44ஏ பிரிவின்படி இரு வங்கிகள் தாமாக இணைய விரும்பும்போது, பங்குதாரர் கூட்டத்தில் பங்கு மதிப்பின்படி மூன்றில் இரண்டு பங்கினர் இசைய வேண்டும், ரிசர்வ் வங்கி ஒப்புதல் தர வேண்டும். வைப்பாளருக்கு வாக்கு இல்லை. மறுக்கும் பங்குதாரர்கூடத் தம் பங்கின் மதிப்பைக் கேட்டுப் பெறலாம். வங்கியின் பணத்தில் மிகப் பெரும்பகுதியைத் தந்தவரோ அறிவிப்பைப் படிப்பதோடு நிற்க வேண்டும். பொன்னை விரும்பியவருக்குக் குடமானால் என்ன, முடியானால் என்ன என்று சட்டமும் சமந்தபத்திரர் வழியிலேயே எண்ணுகிறது போலும்.

கடன் ஆளை விட்டு ஆளுக்குச் செல்வது பற்றி தரும சாத்திரங்கள் விரிவாகப் பேசியுள்ளன. கடனைத் தீர்க்காமல் இறப்பவர் கடன் கொடுத்தவர் வீட்டில் அடிமையாகவோ விலங்காகவோ பிறந்து அதைக் கழிக்க நேரும் என்பதால், தந்தையின் கடனைத் தீர்ப்பது மகனின் அறக்கடமை என்றன. பிரிட்டிஷ் நீதிமன்றங்கள் இதைப் புத்திரனின் சமயக் கடமை என்ற பெயரில் சட்டமாகவே நடத்தின. ஆனால் அதற்கு ஒரு விலக்கு இருந்தது: சூதிலும் குடியிலும் பிற தகாத வழிகளிலும் தந்தை பட்ட கடன் மகனைச் சாராது. நகரத்தார் எனப்படும் செட்டியார் வணிகரின் வட்டிக்கடைகள் இந்தக் குடும்பப் பொறுப்பின் மேல் நின்றவை. கடை நொடித்தால் வீடும் நகையும் கணக்கில் சேரும். அந்தத் தொழில் தெய்வத்தை வெளியே நிறுத்தியதில்லை. பர்மாவில், ரங்கூன் மொகல் தெருவிலிருந்த அவர்கள் கோயிலில் கூடித்தான் மாதந்தோறும் நடப்பு வட்டி வீதம் முடிவானது. வரவில் மகமை என்று கோயிலுக்கும் அறத்துக்கும் ஒரு பங்கு எடுத்துவைக்கப்பட்டது. பக்தி அவர்கள் வட்டியைக் குறைத்ததா என்பது வேறு செய்தி. 1930களின் பெருமந்தத்தில் கடன்பட்ட பர்மிய உழவரின் நிலங்கள் பெருமளவில் செட்டியார் கைக்கு வந்ததையும் அதன் கசப்பையும் வரலாறு மறக்கவில்லை. ஆனாலும் கடனுக்கு முகம் இருந்தது. கொடுத்தவர், வாங்கியவர், நாளை பொறுப்பேற்கப்போகும் மகன் எல்லாரும் பெயர் சொல்லி அழைக்கத்தக்கவர்கள்.

2005இல் திருத்தப்பட்ட இந்து வாரிசுரிமைச் சட்டம், அதற்குப் பின் ஏற்படும் கடன்களுக்கு, சமயக் கடமை என்ற காரணத்தை மட்டும் காட்டி மகனைப் பொறுப்பாக்க முடியாது என்றது. மனித மகனிடமிருந்து இறக்கப்பட்ட அந்தச் சுமை, இணையும் வங்கியின் தோளில் முழுதாக ஏற்றப்பட்டிருக்கிறது. அங்கே தகாத கடன், தகுந்த கடன் என்ற பாகுபாடுகூட இல்லை. ஒரு வகையில் பார்த்தால், சாத்திரம் கண்ட நல்ல மகனை இன்று குடும்பங்களில் காண்பதைவிட வங்கி இணைப்புத் திட்டங்களில் காண்பது எளிது.

இந்த நல்ல மகன் எவ்வளவு தூரம் செல்வார் என்பதைக் கரூர் காட்டியது. வி.எஸ்.என். ராமலிங்கம் செட்டியாரும் உடன் வணிகரும் 1926இல் அங்கே தொடங்கிய லட்சுமி விலாஸ் வங்கி, வாராக்கடன்களால் மூலதனம் கரைந்து, 2020 நவம்பர் 17இல் தடைக்காலத்துக்குள் வைக்கப்பட்டது. தடைக்காலம் என்பது வைப்பாளர் குறிப்பிட்ட அளவுக்கு மேல் பணம் எடுக்க முடியாத இடைவெளி, இங்கே அது 25,000 ரூபாய். பத்து நாளில், நவம்பர் 27இல், வங்கி சிங்கப்பூரைத் தாயகமாகக் கொண்ட டி.பி.எஸ். குழுமத்தின் இந்திய வங்கியோடு இணைக்கப்பட்டது. வைப்பாளரின் பணம் முழுதும் காக்கப்பட்டது. பங்குதாரரின் பங்கு முழுதும் துடைக்கப்பட்டது. பல ஆண்டுகளாகப் பரம்பரையாகச் சில பங்குகளை வைத்திருந்த கரூர்க் குடும்பத்துக்கும், ஓரிரு மாதம் முன்பு வாங்கியவருக்கும் ஒரே பூச்சியம்.

இங்கேதான் சைவ சித்தாந்தத்தின் பழைய வாதம் கூர்மை பெறுகிறது. எல்லாம் கணந்தோறும் அழிந்து புதிதாகத் தோன்றும் தொடர்ச்சியே, நிலையான ஆன்மா இல்லை என்ற பௌத்தக் கொள்கைக்கு எதிராக இந்திய மரபின் ஆன்மவாதிகள் இரண்டு குற்றங்களைக் காட்டுவர். ஒன்று கிருதநாசம்: செய்தவரே அழிந்துவிடுவதால் செய்ததன் பயன் அவரைச் சேராமல் வீணாவது. மற்றொன்று அகிருதாப்யாகமம்: செய்யாத ஒருவர்மேல் பயன் வந்து விழுவது. 13ஆம் நூற்றாண்டின் அருணந்தி சிவாசாரியார் சிவஞான சித்தியாரின் பரபக்கத்தில் பௌத்த, சமணக் கொள்கைகளை ஒவ்வொன்றாக எடுத்து மறுத்ததன் பின்னணியில் நிற்பது, வினை செய்த உயிரே அதை நுகர வேண்டும் என்ற இந்த உறுதிதான். இந்த அளவுகோலைக் கரூருக்குப் பொருத்தினால் இரண்டு குற்றங்களும் ஒருங்கே தென்படுகின்றன. கடனைக் கொடுக்கத் தீர்மானித்தவர் பலர் அதற்கு முன்பே பதவியை விட்டு நீங்கியிருந்தனர். அந்தத் தீர்மானங்களைப் பற்றி ஒன்றும் அறியாத சிறு பங்குதாரர் பயனை நுகர்ந்தார்.

பங்குதாரர் முற்றிலும் செய்யாதவர் அல்லர், இயக்குநரைத் தேர்ந்தெடுக்கும் வாக்கும் நல்ல ஆண்டுகளின் ஈவுத்தொகையும் அவருடையவை என்று மறுமொழி கூறலாம். அதில் நியாயம் உண்டு. வைப்பாளரைக் காக்க வேறு வழியில்லை என்பதும் உண்மை. ரிசர்வ் வங்கி அன்று செய்த தேர்வு சரியானதே. ஆனால் பணம் சரியான கைக்குச் சேர்ந்ததால் வினையும் சரியான கைக்குச் சேர்ந்துவிட்டதாகக் கருதுவது தவறு. இணைப்புச் சட்டம் கடனைப் பற்றிய சட்டம்; வினையைப் பற்றியதன்று. கடன் மாற்றத்தக்கது, ஏனெனில் கடன் கொடுத்தவருக்கு வேண்டியது பணம். அதை யார் தந்தாலும் கடன் தீரும். வினை மாற்றத்தக்கதன்று, ஏனெனில் அங்கே கேட்கப்படுவது செய்தவரின் திருத்தம். இணைப்பு விரைவாகவும் அமைதியாகவும் முடியும்போதெல்லாம், அந்தக் கேள்வியைக் கேட்கும் அவசரம் குறைந்துபோகிறது. கணக்கு முடிந்த இடத்தில் விசாரணையும் முடிந்துவிட்டதாக ஒரு தோற்றம் எழுகிறது.

கைமாற்ற முடியாதது தீவினை மட்டுமன்று, நெடுநாள் பழகிப் பெற்ற அறிவும்தான். 1977இல் தோன்றி விருதுநகரைத் தலைமையிடமாகக் கொண்டு தென்மாவட்டக் கிராமங்களில் இயங்கிய பாண்டியன் கிராம வங்கி, 2019 ஏப்ரல் 1இல் பல்லவன் கிராம வங்கியோடு சேர்ந்து, சேலத்தைத் தலைமையிடமாகக் கொண்ட தமிழ்நாடு கிராம வங்கி ஆயிற்று. திருமங்கலத்துக் கரிசலில் மழை பொய்த்தால் எந்த உழவர் அடுத்த ஆண்டு தீர்ப்பார், எவர் தீர்க்க மாட்டார் என்பது பேரேட்டில் எழுதப்படும் செய்தியன்று. பல ஆண்டுகள் அதே பகுதியில் பணியாற்றிய மேலாளரின் நினைவில் இருப்பது. இணைப்புத் திட்டத்தின் அட்டவணையில் கட்டடம், வாகனம், முதலீடு, வழக்கு, ஊழியரின் பணிக்காலம் வரை ஒவ்வொன்றுக்கும் இடம் உண்டு. இந்த அறிவுக்கு இடம் இல்லை. பேங்க் ஆஃப் மதுராவின் கதையில் இதற்கு ஒரு விதிவிலக்கு உண்டு. மகளிர் சுயஉதவிக் குழுக்களுக்குக் கடன் அளிக்க அந்த வங்கி தொடங்கியிருந்த திட்டத்தை, நகரத்து வங்கியாக அறியப்பட்ட ஐ.சி.ஐ.சி.ஐ. கைவிடாமல் பல மடங்கு விரித்தது. ஏழையரை வாடிக்கையாளராகக் காண்பது பற்றி சி.கே. பிரகலாத் 2004இல் வெளியிட்ட நூலிலும் அது ஓர் எடுத்துக்காட்டாக இடம்பெற்றது. குழுக்களின் பெயர்ப் பட்டியலை மட்டும் கைமாற்றி இதைச் செய்திருக்க முடியாது. கிராமத்தில் குழுவைக் கூட்டி, யார் சேமிக்கிறார், யார் தவணை தவறுகிறார் என்று பார்த்துப் பழகிய முறையும், அந்த முறையை அறிந்த ஆட்களும் வங்கியோடு கூடவே சென்றதால்தான் அது தொடர்ந்தது.